குரலைத் தேடிப் போன கேமரா: ‘ஒரு கோடையின் பதிவேடு’ புளூ-ரே

பாரிஸில் 1960 கோடையில் எடுக்கப்பட்டு 1961இல் வெளியான ‘குரோனிக் தூன் எத்தே’ என்ற பிரெஞ்சு ஆவணப்படத்தை கிரைட்டீரியன் நிறுவனம் 2013இல் புளூ-ரே வட்டாக வெளியிட்டது. அந்த வட்டைப் பற்றியே இங்கே எழுதுகிறேன். படத்தின் பெயரைத் தமிழில் ‘ஒரு கோடையின் பதிவேடு’ என்று வைத்துக்கொள்கிறேன். இயக்கியவர்கள் இருவர்: ஆப்பிரிக்காவில் பல ஆண்டுகள் படமெடுத்த மானிடவியலாளர் ழான் ரூஷ், சமூகவியலாளர் எட்கர் மோரன்.

படப்பிடிப்பு இடங்களில் ஒலிப்பதிவு செய்வது என் தொழில். ஆவணப்படங்களே எனக்குப் பெரும்பாலும் சோறு போடுகின்றன. எனவே ஒளியைவிட ஒலியைப் பற்றியே இதில் அதிகம் பேசுவேன். ஆவணப்படம் மனிதர்களின் அன்றாட வாழ்க்கைக்கு அருகில் வந்த வரலாற்றைச் சொல்கிறவர்கள் எப்போதும் கேமராவுக்கே மாலை போடுகிறார்கள்: கேமராவின் எடை குறைந்தது, அது தோளில் ஏறியது, தெருவுக்கு வந்தது என்று. நான் அதை ஏற்கவில்லை. படம்பிடிக்கப்பட்டவரின் குரல் அவருடைய வாயிலிருந்தே, அவர் நின்ற இடத்திலிருந்தே நம் காதுக்கு வந்த பிறகுதான் ஆவணப்படத்தில் உயிருள்ள மனிதர்கள் தென்பட்டார்கள். அந்தக் குரலுக்கு மறுத்துப் பேசும் உரிமையையும் கொடுத்தபோது அது இன்னும் ஒரு படி மேலே போனது. இவ்விரண்டும் ஒரே படத்தில், நம் கண்முன்னே நடக்கின்றன.

முதலில் அந்த ஒரு காட்சி. ஆகஸ்ட் 15, பாரிஸில் விடுமுறை நாள். கான்கார்ட் சதுக்கம் ஏறத்தாழ வெறிச்சோடிக் கிடக்கிறது. மார்சலீன் என்ற இளம்பெண் தனியாக நடந்துவருகிறார். தோளில் ஒரு பை, அதற்குள் நாக்ரா டேப் ரெக்கார்டர் ஓடிக்கொண்டிருக்கிறது. உடையில் சிறிய மைக். கேமரா அவருக்கு முன்னால் ஒரு சித்ரோயன் 2சிவி வண்டியில் இருக்கிறது. எஞ்சினை இயக்காமல் ஆட்கள் அந்த வண்டியைக் கையால் தள்ளிக்கொண்டு போகிறார்கள். அவருக்கும் கேமராவுக்கும் இடையே எந்தக் கம்பியும் இல்லை. அவர் என்ன பேசுகிறார் என்பது அந்த நேரத்தில் படக்குழுவுக்குக் கேட்கவும் இல்லை. அவர் தன் அப்பாவிடம் பேசிக்கொண்டிருக்கிறார். 1944இல் நாஜிகள் அப்பாவையும் மகளையும் ஒன்றாகவே பிரான்சிலிருந்து முகாமுக்கு அனுப்பினார்கள். மகள் உயிரோடு திரும்பினார். அப்பா திரும்பவில்லை. பதினாறு ஆண்டுகள் கழித்து, நகரின் நடுவே, ஒரு டேப் ரெக்கார்டரைத் துணைக்கு வைத்துக்கொண்டு அவர் ‘அப்பா’ என்று கூப்பிடுகிறார்.

காட்சி அங்கிருந்து லே ஆல் சந்தையின் இரும்புக் கூரைக்குக் கீழே போகிறது. வண்டி வேகமெடுக்க, மார்சலீன் பின்னால் தங்கிவிடுகிறார். திரையில் அவர் சிறிதாகிக்கொண்டே போகிறார், ஆனால் குரல் கொஞ்சமும் சிறிதாகவில்லை. உருவம் எங்கோ தொலைவில் இருக்க, மூச்சு நம் காதோரம் இருக்கிறது. பூம், அதாவது நீண்ட கோலில் மாட்டிய மைக், பிடித்துப் பதிவு செய்திருந்தால் இது நடந்திருக்காது. ஸ்டூடியோவில் பிறகு பேசவைத்துச் சேர்த்திருந்தாலும் நடந்திருக்காது. அவர் உடம்பில் மைக் இருந்ததால், யாரும் அருகில் இல்லாததால் மட்டுமே நடந்தது. ஒலிப்பதிவு படிக்க வருகிற பிள்ளைகளுக்கு நான் வேறு எதையும் காட்டுவதற்கு முன் இந்தக் காட்சியைத்தான் காட்டுகிறேன்.

வட்டின் தரத்தை இந்தக் காட்சியிலேயே எடைபோட்டுவிடலாம். ஒலி அழுத்தப்படாத ஒற்றைத் தட மோனோ. நான் முன்பு பார்த்திருந்த பிரதியில் இந்தப் பேச்சு ஒரு மங்கலான முணுமுணுப்பாக இருந்தது. இங்கே நடையின் ஓசை தனியாகவும், துணி மைக்கில் உரசுவது தனியாகவும், வெட்டவெளியிலிருந்து கூரைக்குக் கீழே வரும்போது குரலைச் சுற்றிய காற்று மாறுவது தனியாகவும் கேட்கின்றன. பழைய ஒலியைச் சுத்தம் செய்கிறோம் என்று இரைச்சலோடு உயிரையும் துடைத்தெடுத்துவிடுகிற வேலையை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். இங்கே டேப்பின் இயல்பான சீறலை விட்டுவைத்திருக்கிறார்கள். அதற்காகவே கையெடுத்துக் கும்பிடத் தோன்றுகிறது. நல்ல ஹெட்போன் வைத்திருக்கிறவர்கள் டிவியின் ஸ்பீக்கரை நம்பாமல் அதில் கேளுங்கள்.

ஒளிப்பதிவும் குறைவில்லை. இத்தாலியின் பொலோஞ்ஞா திரைப்பட ஆவணக் காப்பகம் செய்த 2கே சீரமைப்பிலிருந்து எடுத்திருக்கிறார்கள். 16 மி.மீ. படச்சுருளின் மணித்துகள் எனப்படும் சன்னப் புள்ளிகள் அப்படியே இருக்கின்றன. இரவில் எடுத்த பேச்சுக் காட்சிகளில் கறுப்பு சற்றுக் கனமாக விழுகிறது. அது படத்தின் இயல்பு என்றே நினைக்கிறேன்.

இந்தக் காட்சி ஏன் அத்தனை பெரியது என்று சொல்ல வேண்டுமானால் கொஞ்சம் பின்னே போக வேண்டும். அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி, வட கனடாவின் இனுவிட் மக்களைப் பற்றி 1922இல் வெளியிட்ட ‘நானூக்’ படத்தில் பனிவீட்டுக்குள் போதிய வெளிச்சம் இல்லை. ஆகவே பாதி வெட்டிய பனிவீடு ஒன்றைக் கட்டி, திறந்த பக்கத்திலிருந்து படம்பிடித்தார்கள். துப்பாக்கி வைத்திருந்த வேட்டைக்காரர்கள் படத்துக்காக முன்னோர்களின் ஈட்டியை எடுத்தார்கள். நானூக்காக வந்தவரின் உண்மைப் பெயர் அல்லாகரியாலக். மௌனப்படம் ஆகையால் அவர் என்ன சொன்னார் என்பதற்குப் படத்தில் இடமே இல்லை. எழுத்து அட்டைகள் அவருக்காகப் பேசின. ஆனால் ஃபிளாஹெர்ட்டி ஒரு நல்ல காரியம் செய்தார். எடுத்த சுருளை அங்கேயே கழுவி, அங்கேயே அந்த மக்களுக்குத் திரையிட்டுக் காட்டினார். வால்ரஸ் வேட்டையைத் திரையில் பார்த்தவர்கள் உணர்ச்சிவசப்பட்டு, விடாதே, பிடி என்று கத்தியதாக அவரே எழுதியிருக்கிறார். இந்த விஷயத்துக்குப் பிறகு வருகிறேன்.

ஒலி வந்தபோது நிலைமை ஒரு வகையில் மோசமாயிற்று. கருவிகள் லாரி அளவுக்குக் கனத்தன. சோவியத் இயக்குநர் ஜிகா வெர்தோவ் 1930இல் உக்ரைனின் டான்பாஸ் பகுதிச் சுரங்கங்களுக்கும் ஆலைகளுக்கும் நேரில் போய் ஒலியைப் பிடித்துவந்தது அன்றைக்கு அசுர முயற்சி. ஆனாலும் அவர் பிடித்தது பெரும்பாலும் இயந்திரத்தின் குரல். பிரிட்டனில் 1936இல் வந்த ‘நைட் மெயில்’ படத்தில் ஓடும் ரயிலுக்குள் ஊழியர்கள் தபால் பிரிக்கும் காட்சி உண்மையில் ஸ்டூடியோவில் போட்ட செட். நிஜத் தபால் ஊழியர்களையே நிற்கவைத்து, ரயில் ஆடுவதுபோல உடம்பை ஆட்டச் சொன்னார்கள். அதை நான் பொய் என்று ஒதுக்கமாட்டேன். அந்த மனிதர்களின் கைவேகம் நிஜம். ஆனால் ‘இப்படி ஆடுங்கள், இதைச் சொல்லுங்கள்’ என்ற நிலைமையில் ஒருவர் தன் சொந்த வார்த்தையை எங்கிருந்து எடுப்பார்?

அந்தக் காலத்தில் என்னை உலுக்குகிற விதிவிலக்கு 1935இல் வந்த ‘ஹவுசிங் பிராப்ளம்ஸ்’. லண்டன் ஸ்டெப்னியில் பாழடைந்த குடியிருப்புகளில் இருந்தவர்கள் தங்கள் வீட்டுக்குள்ளேயே நின்று, கேமராவை நேராகப் பார்த்து, எலியைப் பற்றியும் விரிசல் விட்ட சுவரைப் பற்றியும் தங்கள் மொழியில் பேசினார்கள். விறைப்பாக நிற்கிறார்கள், மைக்குக்கும் விளக்குக்கும் கட்டுப்பட்டு நிற்கிறார்கள். இருந்தாலும் ஏழை மனிதர் ஒருவர் தன் வீட்டைப் பற்றித் தானே பேசுவதை அன்றைய பார்வையாளர்கள் அதற்கு முன் திரையில் அதிகம் கேட்டதில்லை. படத்துக்குப் பணம் கொடுத்தது எரிவாயு நிறுவனங்களின் சங்கம் என்பதையும் சேர்த்தே நினைவில் வைக்க வேண்டும்: பழைய வீட்டை இடித்துப் புது வீடு கட்டினால் அடுப்பு விற்கும். பேசியவர்கள் பேசினார்கள், முடிவுரை வேறு யாருடையதோ.

1950களின் கடைசியில் கணக்கு மாறியது. சுவிட்சர்லாந்தில் ஸ்டெஃபான் குடெல்ஸ்கி உருவாக்கிய நாக்ரா, தோளில் மாட்டிக்கொண்டு போகும் அளவுக்குச் சிறிய, ஆனால் ஸ்டூடியோத் தரத்தில் பதிகிற டேப் ரெக்கார்டர். கனடாவின் கியூபெக்கில் மிஷேல் பிரோ என்ற ஒளிப்பதிவாளர், 1958இல் ஷெர்புரூக் ஊரின் பனிநடைத் திருவிழாவைக் கூட்டத்துக்குள் நுழைந்து நடந்தபடியே படமாக்கினார். தூரத்தில் நின்று எட்டிப்பார்க்கிற லென்ஸைத் தவிர்த்து, அகலக் கோண லென்ஸோடு கிட்டத்தில் போய் நிற்பது அவர் வழி. ரூஷ் அவரை 1959இல் கலிஃபோர்னியாவில் நடந்த ஃபிளாஹெர்ட்டி கருத்தரங்கில் சந்தித்தார். அடுத்த ஆண்டே பாரிஸுக்கு அழைத்துவிட்டார். பிரான்சில் ஆந்த்ரே கூத்தான் எக்ளேர் நிறுவனத்துக்காக ஓசை குறைந்த 16 மி.மீ. கேமரா ஒன்றை உருவாக்கிக்கொண்டிருந்தார். முடிவடையாத அந்தச் சோதனைக் கேமராவோடுதான் இந்தப் படத்தின் முக்கியமான பகுதிகளை எடுத்தார்கள். உடையில் செருகும் சிறு மைக்கைக் கொண்டுவந்தவரும் பிரோதான்.

அதே 1960இல் அமெரிக்காவில் ராபர்ட் ட்ரூவின் ஆவணப்படக் குழு விஸ்கான்சினில் கென்னடியின் தேர்தல் பிரசாரத்தைப் பின்தொடர்ந்தது. அவர்கள் கேள்வி கேட்கமாட்டார்கள். குறுக்கிடாமல் நின்று பார்ப்பார்கள். ரூஷும் மோரனும் நேரெதிர். கேட்டார்கள், தூண்டினார்கள், சாப்பாட்டு மேசையில் கூடவே உட்கார்ந்து வாதாடினார்கள். என் மனம் இரண்டாவது கட்சியின் பக்கம். கேமரா வந்து நின்ற அறையில் யாரும் அதை மறந்துவிடுவதில்லை. மறந்துவிட்டதுபோலக் காட்டுவதைவிட, இதோ நான் இருக்கிறேன் என்று ஒப்புக்கொள்வது நேர்மை.

படம் தொடங்குவதே அப்படித்தான். ரூஷ், மோரன், மார்சலீன் மூவரும் மேசையில் பேசிக்கொண்டிருக்கிறார்கள்: கேமராவுக்கு முன்னால் ஒருவர் இயல்பாகப் பேச முடியுமா? மார்சலீன் தனக்குத் தயக்கமாக இருப்பதைச் சொல்கிறார். அடுத்து அவரும் நதீன் என்ற தோழியும் மைக்கோடு தெருவில் இறங்கி, போகிறவர் வருகிறவரிடம் ‘நீங்கள் மகிழ்ச்சியாக இருக்கிறீர்களா?’ என்று கேட்கிறார்கள். சிலர் நிற்காமலே போகிறார்கள். வயதானவர்கள் நின்று பேசுகிறார்கள். இன்றைக்கு எந்தச் சேனலைத் திருப்பினாலும் மைக்கை நீட்டிக் கேள்வி கேட்கிறார்கள். அந்தக் கேள்விகளுக்குப் பதில் ஏற்கெனவே தயாராக இருக்கிறது. இந்தக் கேள்விக்கு யாரிடமும் பதில் தயாராக இல்லை. அதுதான் வேறுபாடு.

ரெனோ தொழிற்சாலைத் தொழிலாளி ஆஞ்சலோவின் ஒரு நாள் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. காலையில் அம்மா வந்து எழுப்புகிறார். பிறகு தொழிற்சாலை, இயந்திரங்களின் இரைச்சல், திரும்பி வரும் நீண்ட ஏற்றம், வீட்டுத் தோட்டத்தில் ஜூடோ பயிற்சி, ஒரு புத்தகம். ஏறக்குறைய பேச்சே இல்லை. இதே ஆஞ்சலோ, ஐவரி கோஸ்ட்டிலிருந்து படிக்க வந்த லாந்திரியோடு மாடிப்படியில் உட்கார்ந்து பேசுகிறார். நிறத்தைப் பற்றி, மரியாதையைப் பற்றி, ஒருவரையொருவர் அளந்தபடி தொடங்கும் பேச்சு மெல்ல மெல்ல நட்பாவதை வெட்டாமல் காட்டுகிறார்கள். ஒத்திகை பார்த்து எடுத்திருந்தால் அந்த இடைவெளிகள் கிடைத்திருக்காது. ஒருவர் பேச எடுத்துக்கொள்ளும் நேரம், மற்றவர் பதிலுக்கு முன் விடும் மூச்சு.

குறைகள் இல்லாமல் இல்லை. மரிலூ என்ற இத்தாலியப் பெண்ணின் மனச்சோர்வைப் பேசும் நேர்காணலில் கேமரா அவர் முகத்தையும் பிசைகிற கைகளையும் நெருங்கிப்போய் நிற்கிறது. அங்கே ஒரு கட்டத்தில் பதிவை நிறுத்தியிருக்க வேண்டும் என்று ஒவ்வொரு முறையும் தோன்றுகிறது. மானிடவியல் அருங்காட்சியகத்தின் மொட்டைமாடியில் மார்சலீனின் கையில் பச்சைகுத்திய எண் எதைக் குறிக்கிறது என்று ரூஷ் லாந்திரியிடம் கேட்கிறார். அவருக்குத் தெரியவில்லை. மார்சலீன் முகாமைப் பற்றிச் சொன்னதும் மேசை அடங்கிப்போகிறது. விடை தெரிந்துகொண்டே ரூஷ் அந்தக் கேள்வியைப் போட்டார். அறியாமையை அம்பலமாக்கியதில் லாந்திரிக்கு ஓர் அநியாயம் நடந்திருக்கிறது என்பது என் எண்ணம். கான்கார்ட் காட்சி இதையடுத்து வருவதால் அதன் கனம் கூடுகிறது. அதனாலும் இது நியாயமாகிவிடாது. அல்ஜீரியப் போர் பற்றிய விவாதமும் முழுமையாக இல்லை. போர் நடந்துகொண்டிருந்தது, தணிக்கை இருந்தது. இளைஞர்கள் சூடாகத் தொடங்கும்போதே படம் வேறு பக்கம் திரும்பிவிடுகிறது. சான் திரோப்பே கடற்கரைப் பகுதி நீளம். அதைப் பற்றிச் சொல்ல வேறு எதுவும் இல்லை.

இப்போது இந்தப் படத்தின் இரண்டாவது பெரிய காரியம். ஃபிளாஹெர்ட்டி செய்ததாக முன்பு சொன்ன விஷயம் இங்கே திரும்பி வருகிறது. எடுத்து முடித்த காட்சிகளை ரூஷும் மோரனும் அதில் வந்தவர்களையே கூப்பிட்டு உட்காரவைத்துத் திரையிட்டார்கள். விளக்கு போட்டதும் அவர்கள் என்ன சொன்னார்கள் என்பதையும் படம்பிடித்து, படத்துக்குள்ளேயே வைத்தார்கள். அவர்கள் பாராட்டவில்லை. மரிலூ கூச்சமில்லாமல் தன்னைத் திறந்துகாட்டிவிட்டார் என்று சிலர் முகம் சுளிக்கிறார்கள். சில இடங்கள் செயற்கை என்கிறார்கள். மரிலூவுக்காக வாதாடுகிறவர்களும் இருக்கிறார்கள். பிறகு ரூஷும் மோரனும் அருங்காட்சியகக் கூடத்தில் மேலும் கீழும் நடந்தபடி பேசிக்கொள்கிறார்கள்: போதிய உண்மை இல்லை என்று குற்றம் சொல்கிறார்கள், அல்லது அளவுக்கு மீறிய உண்மை என்று குற்றம் சொல்கிறார்கள். கான்கார்டில் மார்சலீன் நடித்தாரா என்பதிலும் பேச்சு ஓடுகிறது. எதையும் தீர்த்துவைக்காமல் இருவரும் பிரிகிறார்கள்.

ரூஷுக்கு இந்தப் பழக்கம் பாரிஸில் வரவில்லை. நைஜர் நதியில் சோர்கோ மீனவர்கள் நீர்யானை வேட்டையாடுவதை 1950களின் தொடக்கத்தில் படமாக்கி, பிறகு அதை அயோரு ஊருக்கே எடுத்துப்போய்த் திரையிட்டார். வேட்டைக் காட்சியில் இசை சேர்த்திருந்தார். வேட்டைக்காரர்களுக்கு ஊக்கம் கொடுக்கும் அவர்களுடைய சொந்த மெட்டுதான். அவர்கள் ஒப்பவில்லை. வேட்டையில் சத்தம் கூடாது, நீர்யானைக்குக் காது கூர்மை, இசை கேட்டால் ஓடிவிடும் என்றார்கள். ரூஷ் இசையை எடுத்துவிட்டார். ஆவணப்படத்தில் பின்னணி இசை வைப்பதைப் பற்றி இதைவிடக் கூர்மையான விமர்சனம் எந்தத் திரைப்பட விழாவிலும் எழுந்திருக்காது என்று நினைக்கிறேன். ‘ஒரு கோடையின் பதிவேடு’ படத்தில் தொழிற்சாலைக்கும் தெருவுக்கும் அவற்றின் ஓசையே போதுமானதாக இருப்பதற்கு அந்த நீர்யானை வேட்டைக்காரர்களுக்கும் நாம் நன்றி சொல்ல வேண்டும்.

வேதாரண்யம் உப்பளங்களில் ஒரு படத்துக்காகப் பதிவு செய்தபோது இதன் அருமை எனக்கு நேரில் தெரிந்தது. பாத்தியில் உப்பு வாரிக்கொண்டிருந்த ஒரு முதிய பெண்மணி, பூமைத் தலைக்கு மேல் பார்த்தவுடன் வாயை மூடிக்கொண்டார். துவைத்துத் துவைத்து மெலிந்த பருத்திச் சேலை அவருடையது. கஞ்சி போட்ட சேலைபோல மைக்கில் சரசரக்காது. மடிப்புக்குள் காலர் மைக்கை வைத்துவிட்டு நாங்கள் வரப்பில் தள்ளி நின்றோம்.

“ஏம்மா, நான் பேசுவதையெல்லாம் இது கேட்டுக்கொண்டே இருக்குமா?”

“ஆமாம் பெரியம்மா. வேண்டாம் என்றால் இந்தப் பொத்தானை இப்படித் தள்ளிவிடுங்கள், நின்றுவிடும்.”

அவர் வேலையைப் பார்த்தபடி தனக்குத்தானே பேசத் தொடங்கினார். கூலியைப் பற்றி, காலில் வெடித்த புண்ணைப் பற்றி, பிறகு மருமகளைப் பற்றி. இயக்குநர் முதல் தொகுப்பை அந்த ஊரிலேயே போட்டுக்காட்டினார். புண்ணைப் பற்றிப் பேசியது இருக்கட்டும், மருமகளைப் பற்றியது வேண்டாம் என்று அந்தப் பெரியம்மா எல்லார் முன்னாலும் எழுந்து நின்று சொன்னார். இறுதிப் படத்தில் அது இல்லை. என் பதிவுகளிலேயே அது மிகச் சுத்தமான ஒலி. எடுத்துவிட்டது சரி என்றே இன்றும் சொல்வேன்.

வட்டில் உள்ள கூடுதல் அம்சங்களில் முதலிடம் ஃப்ளோரன்ஸ் தோமன் 2011இல் எடுத்த ‘அன் எத்தே + 50’ என்ற 75 நிமிட ஆவணப்படத்துக்கு. ஏறத்தாழ 25 மணி நேரக் காட்சிகளிலிருந்து ஒன்றரை மணி நேரம்தான் மூலப் படத்துக்குப் போனது. விட்டுப்போன காட்சிகளில் கொஞ்சத்தையும், அரை நூற்றாண்டு கழித்து மோரனும் மற்றவர்களும் சொல்வதையும் இதில் பார்க்கலாம். தொகுப்பு என்பது எத்தனை பெரிய அதிகாரம் என்பது இதைப் பார்த்தால் உறைக்கும். மாணவர்களுக்கு இந்தப் பகுதியே வட்டின் விலையை ஈடுகட்டிவிடும். ரூஷ், மார்சலீன் இருவரின் பழைய நேர்காணல்கள், மானிடவியல் பேராசிரியர் ஃபே கின்ஸ்பர்க்கின் விளக்கம், சாம் டி இயோரியோவின் கட்டுரை கொண்ட சிறு புத்தகம் ஆகியவையும் உண்டு. படத்தோடு ஓடும் விளக்கவுரைத் தடம் இல்லை. ஒலிப்பதிவைப் பற்றித் தெரிந்த ஒருவர் காட்சிக்குக் காட்சி விளக்கியிருந்தால் எத்தனை நன்றாக இருந்திருக்கும்! இத்தனை முக்கியமான ஒலி வரலாறு கொண்ட படத்துக்கு அது இல்லாதது பெரிய குறை.

மார்சலீன் நேர்காணலைப் படம் முடிந்த பிறகே பாருங்கள். அந்தக் கோடைக்குப் பிறகு அவர் கேமராவுக்குப் பின்னால் போய்விட்டார். இந்தப் படத்திலேயே வருகிற ழான்-பியேர் செர்ஜானோடு சேர்ந்து, விடுதலை பெற்ற அல்ஜீரியாவைப் பற்றி 1962இல் படமெடுத்தார். பிறகு டச்சு இயக்குநர் யோரிஸ் ஐவன்ஸின் துணைவியாகவும் கூட்டாளியாகவும் வியட்நாமிலும் சீனாவிலும் வேலை செய்தார். மௌனப்பட காலத்திலிருந்து படமெடுத்துவந்த ஐவன்ஸின் படங்களுக்குள் சாதாரண மக்களின் நேரடிப் பேச்சு வந்து சேர்ந்ததில் அவர் பங்கு பெரிது. 2018இல் காலமானார். கான்கார்டில் நாக்ராவைச் சுமந்து நடந்தவர் அந்தக் கருவியின் அருமையைப் பிறருக்காகப் பயன்படுத்தினார் என்று நினைக்கும்போது எனக்கு உடம்பு சிலிர்க்கிறது.

இந்த வழிமுறை நம் ஊருக்கும் சீக்கிரமே வந்துவிட்டது. 1968இல் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால், ஓர் ஒளிப்பதிவாளர், ஓர் ஒலிப்பதிவாளர் என்ற சிறு குழுவோடு சென்னைக்கு வந்து மயிலாப்பூர் தேரோட்டத்தைக் கூட்டத்துக்கு நடுவே நின்று எடுத்தார். அந்தப் படத்தின் கருத்துகளோடு எனக்குச் சண்டை உண்டு. அதில் கேட்கும் தேர்வடக் கூச்சலோடு இல்லை.

வாங்க நினைப்பவர்களுக்குச் சில நடைமுறைச் செய்திகள். இந்தப் புளூ-ரே ‘ஏ’ மண்டலத்துக்குப் பூட்டியது. இந்தியா ‘சி’ மண்டலத்தில் வருகிறது. இங்கே கடையில் வாங்கும் சாதாரணக் கருவியில் ஓடாது. எல்லா மண்டலத்தையும் ஏற்கும் கருவி வேண்டும். இறக்குமதிச் செலவோடு சேர்த்தால் விலையும் கூடுதல்தான். தனியாகச் சுமக்க முடியாதவர்கள் நண்பர்கள் நாலு பேர் சேர்ந்து வாங்கி முறைவைத்துப் பார்க்கலாம். வீட்டில் பார்ப்பதற்கான வட்டு என்பதால், திரைப்படச் சங்கங்கள் பொதுவில் திரையிடுவதற்கு முன் உரிமையாளரிடம் அனுமதி கேட்டுக்கொள்ள வேண்டும்.

துணைத்தலைப்பு ஆங்கிலத்தில் மட்டும். தெளிவாக எழுதியிருக்கிறார்கள். ஆனால் மேசை விவாதங்களில் மூன்று நான்கு பேர் ஒருவர்மேல் ஒருவர் விழுந்து பேசும்போது எழுத்து ஒரு குரலைத்தான் பிடிக்க முடிகிறது. அந்தக் காட்சிகளை ஒரு முறை எழுத்தோடும், மறுமுறை எழுத்தை அணைத்துவிட்டுக் குரல்களை மட்டும் கேட்டும் பாருங்கள். பிரெஞ்சு தெரியாவிட்டாலும் யார் யாரை அடக்குகிறார், யார் பேச வாய்ப்புக்காகக் காத்திருக்கிறார் என்பது புரியும். தமிழில் துணைத்தலைப்பு வந்தால் கல்லூரி மாணவர்களுக்கு எத்தனையோ உதவியாக இருக்கும். பிரெஞ்சும் தமிழும் நன்றாகத் தெரிந்த ஒருவர் உரிய அனுமதியோடு மொழிபெயர்க்க முன்வந்தால், எழுத்தைப் பேச்சின் நேரத்தோடு பொருத்தும் வேலை முழுவதையும் நான் செய்துதருகிறேன்.